இருபத்தைந்தாவது நாள்

பல ஆண்டுகளுக்கு முன்பு பினாங்கு, பாயான் லெப்பாசில் ஒரு தொழிற்சாலையில் வேலை செய்தேன். அங்கே பெட்டிகளை ஒட்டி அனுப்பும் இயந்திரம் ஒன்று இருந்தது. அதை இயக்கும் நிரலை சி மொழியில் எழுதியவன் நான்தான். பதினோரு ஆண்டுகள் எந்தக் குறையும் இல்லாமல் ஓடிய அந்த இயந்திரம், ஒரு நாள் அதிகாலை மூன்று மணிக்கு நின்றுவிட்டது. இரவு ஷிப்டில் இருந்தவர்கள் சுவிட்சை அணைத்துப் போட்டார்கள், ஓடியது. அதன் பிறகு இருபத்தைந்தாவது நாள் மறுபடியும் நின்றது.

அப்போது எங்கள் பிரிவில் சுங்கைப் பட்டாணியைச் சேர்ந்த ஒரு தம்பி புதிதாகச் சேர்ந்திருந்தார். கெட்டிக்காரர், வேலை இன்னும் நிரந்தரமாகவில்லை. நாம் எழுதும் நிரலை இயந்திரத்துக்குப் புரியும் கட்டளைகளாக மாற்றித் தருவது கம்பைலர். எங்களுடையது மிகப் பழையது. "புதுசுக்கு மாத்திடலாமா அண்ணே?" என்று அவர் கேட்டபோது, கணினித் திரையை விட்டுக் கண்ணெடுக்காமல் தலையாட்டினேன். மாற்றினார். அடுத்த மாதமே கோளாறு.

மேலாளருக்கு நான் எழுதிக் கொடுத்த அறிக்கையில் காரணம் ஒரே வரிதான்: கம்பைலர் மாற்றப்பட்டதால் ஏற்பட்ட பழுது. பொய் என்று யாரும் சொல்ல முடியாது. ஆனால் அந்த வரி யாரைக் காட்டுகிறது என்பது எனக்குத் தெரியும். தம்பியின் பணி நிரந்தரம் மூன்று மாதம் தள்ளிப்போனது.

அவர் என்னிடம் ஒரு வார்த்தை பேசவில்லை. இரண்டு வாரம் கழித்து, நான் பசியாறிக்கொண்டிருந்தபோது ஒரு தாளைக் கொண்டுவந்து மேசையில் வைத்தார். கம்பைலர் உருவாக்கிய இயந்திரக் கட்டளைகளின் பட்டியல் அது. "அண்ணே, நீங்க எழுதின சோதனை இதுல இல்ல."

எந்தச் சோதனை என்று சொல்லவேண்டும். இயந்திரம் ஓடத் தொடங்கியதிலிருந்து எத்தனை மில்லிவினாடி ஆயிற்று என்று நிரல் எண்ணிக்கொண்டே இருக்கும். ஒரு பெட்டி ஐந்து வினாடிக்குள் வந்து சேரவேண்டும் என்றால், இப்போதைய எண்ணுடன் 5,000 கூட்டிக் கெடு வைப்போம். குறியுள்ள 32 பிட் எண்ணில் அடங்கும் ஆகப் பெரிய மதிப்பு 2,147,483,647. அத்தனை மில்லிவினாடி 24 நாள் 20 மணி 31 நிமிடத்தில் தீர்ந்துவிடும். அதற்கு மேல் ஒன்று கூட்டினால், பெரும்பாலான கணினிகளில் எண் சட்டென்று எதிர்மறைக்குப் போய்விடும். இது எனக்குத் தெரியும். அதனால்தான், கூட்டி வந்த கெடு இப்போதைய எண்ணைவிடச் சிறியதாக இருந்தால் எல்லாவற்றையும் பூஜ்யத்திலிருந்து தொடங்கு என்று ஒரு வரி எழுதிவைத்திருந்தேன். அந்த வரியில் எனக்குக் கொஞ்சம் பெருமையும் உண்டு.

புதிய கம்பைலர் அந்த வரியைப் படித்துவிட்டு, இது நடக்கவே முடியாது என்று முடிவுகட்டி நீக்கிவிட்டது. ஓர் எண்ணுடன் 5,000 கூட்டினால் அது எப்படிச் சிறியதாகும்? கணக்கு வாத்தியாரிடம் கேட்டாலும் அதையேதான் சொல்வார். சோதனை போனது. இருபத்தைந்தாவது நாள் கெடு எதிர்மறை ஆனது. கெடு எப்போதோ கடந்துவிட்டதாக நினைத்து இயந்திரம் நின்றது.

கம்பைலரில்தான் பிழை என்று அடித்துச் சொன்னேன். தம்பி மறுத்துப் பேசாமல், சி மொழியின் தரநிலை ஆவணத்தைத் திறந்து காட்டினார். இருபது ஆண்டு அந்த மொழியில் பிழைத்தவன் நான். ஆவணத்தை அன்றுதான் முதன்முதலாக ஒழுங்காகப் படித்தேன் என்பதை எழுதக் கூச்சமாக இருக்கிறது.

சி மொழிக்கு முதல் தரநிலை 1989இல் அமெரிக்காவில் வந்தது. எதிர்மறை எண்ணைக் கணினிக்குள் எழுதிவைக்க அந்நாளில் ஒன்றுக்கு மேற்பட்ட முறைகள் இருந்தன. எண் நிரம்பி வழிந்தால் என்ன விடை வரும் என்பது இயந்திரத்துக்கு இயந்திரம் மாறும். ஆகவே ஆவணம் சில விஷயங்களைக் கம்பைலர் எழுதுவோரிடம் விட்டு, முடிவை எழுத்தில் தெரிவிக்கச் சொல்கிறது. சிலவற்றில் இரண்டு மூன்று வழிகளில் எதையும் எடுத்துக்கொள், யாருக்கும் சொல்லவேண்டாம் என்கிறது. இன்னும் சிலவற்றில் எந்த நிபந்தனையும் இல்லை, என்ன வேண்டுமானாலும் நடக்கலாம். குறியுள்ள முழு எண் நிரம்பி வழிவது இந்தக் கடைசி வகை. குறியில்லாத எண் என்றால், மறுபடி பூஜ்யத்திலிருந்து வரும் என்று ஆவணமே உறுதி தருகிறது. நான் எடுத்திருந்தது குறியுள்ள எண்.

என்ன வேண்டுமானாலும் நடக்கலாம் என்பதைக் கம்பைலர் எழுதுவோர், நல்ல நிரலில் இது நடக்கவே நடக்காது என்று எடுத்துக்கொள்கிறார்கள். அதை வைத்துச் சுழற்சிகளை வேகப்படுத்துகிறார்கள், வேண்டாததை வெட்டுகிறார்கள். எனக்கு முன்பே இதில் அடிபட்டவர்கள் உண்டு. ஓர் எண்ணுடன் 100 கூட்டிப் பார்க்கும் சோதனை காணாமல் போகிறது என்று 2007இல் ஜிசிசி கம்பைலரின் பிழைப் பட்டியலில் ஒருவர் புகார் எழுதினார். இது பிழையே இல்லை என்று மூடிவிட்டார்கள். 2009இல் லினக்ஸ் கருநிரலில், வெற்றுச் சுட்டியா என்று பார்க்கும் சோதனை ஒன்று இதே விதமாக மறைந்து, ஊடுருவ வழி திறந்துவிட்டது. அதன்பின் அத்தகைய சோதனைகளை நீக்காதே என்ற கட்டளையோடுதான் கருநிரலைத் தொகுக்கிறார்கள்.

எனக்கு அப்பாவின் ஞாபகம் வந்தது. கெடாவில் ஒரு தோட்டத்தில் பால்மரம் வெட்டியவர். மழை நாளில் மரம் வெட்ட முடியாது. ஆனாலும் பழைய கிராணியார் அரை நாள் சம்பளம் எழுதிவிடுவார். அது தங்களுக்குச் சேரவேண்டியது என்றே எல்லாரும் நம்பியிருந்தார்கள். புதிய கிராணி வந்தார், புத்தகத்தைப் பார்த்தார், அப்படி ஒன்றும் எழுதியிருக்கவில்லை. அந்த மழைக்காலத்தில் எங்கள் வீட்டில் கடன் ஏறியது. அப்பா புதியவரைத் திட்டித் தீர்த்தார். பழையவரிடம் ஏன் எழுத்தில் கேட்டு வாங்கவில்லை என்று அம்மா மட்டும் கேட்டார்.

இன்றைக்கும் என் மனம் முழுவதும் கம்பைலர் பக்கம் சாய்ந்துவிடவில்லை. வெட்டுவதற்கு முன் ஓர் எச்சரிக்கை வரி கண்ணில் படும்படி தந்திருக்கலாம். சி23 எனப்படும் தரநிலை, எதிர்மறை எண்ணை எழுத ஒரே முறைதான் என்று ஒப்புக்கொண்ட பிறகும், நிரம்பி வழிந்தால் என்ன ஆகும் என்பதை மட்டும் வரையறுக்காமல் விட்டுவைத்திருக்கிறது. ஜாவா மொழிக்காரர்கள் இதைத் தொடக்கத்திலேயே எழுதிவைத்துவிட்டார்கள்.

மறுநாள் காலை மேலாளரிடம் போனேன். அவர் சீனர், சுற்றி வளைத்துப் பேசத் தெரியாதவர்.

"கம்பைலரில் தப்பா?"

"இல்லை."

"அந்தப் பையனா?"

"இல்லை. நான் எழுதிய வரி."

"பதினோரு வருஷம் ஓடியதே?"

"ஓடியது. ஓடும் என்று யாரும் எனக்கு வாக்குக் கொடுக்கவில்லை."

அவருக்கு எவ்வளவு புரிந்ததோ தெரியாது. அறிக்கையைத் திருத்தி, என் பெயரைப் போட்டுக் கொடுத்தேன். அவ்வாண்டு எனக்குச் சம்பள உயர்வு குறைந்தது. தம்பியின் கடிதம் அடுத்த வாரமே வந்தது, ஒன்றரை மாதம் தாமதமாக.

சோதனையைத் திருத்துவது இரண்டு நிமிட வேலை. கூட்டிவிட்டுப் பார்க்காமல், கூட்ட இடம் இருக்கிறதா என்று முதலில் பார்க்கவேண்டும். ஆகப் பெரிய எண்ணிலிருந்து 5,000ஐக் கழித்து ஒப்பிட்டால் எதுவும் வழியாது. அதை எழுதி முடித்து நிமிர்ந்தபோது தம்பி பின்னாலேயே நின்றுகொண்டிருந்தார்.

"அண்ணே, கோவிச்சுக்காதீங்க. இந்த மாதிரி இன்னும் எத்தனை எடத்துல எழுதியிருக்கீங்க?"

அவருக்கும் ஒரு நாற்காலியை இழுத்துப் போட்டேன். சாயங்காலத்துக்குள் பதினேழு இடம் கண்டுபிடித்தோம்.