காத்திருப்பவரின் உருவம்

திண்டிவனத்திலிருந்து விழுப்புரம் செல்லும் நெடுஞ்சாலையோரம் இரவில் முக்காலியில் கேமராவை நிறுத்தி, ஷட்டரைப் பத்து நொடி திறந்துவைத்தால் லாரிகள் மறைந்து விளக்குக்கோடுகளே எஞ்சும். பெரும்பாலான கணினி விளையாட்டுகளில் ஷட்டர் இல்லை. திரையில் பிடிக்கும் ஒவ்வொரு படமும் உறைந்த கணம். ஆகவே நம் மாணவர் சிலர் ‘யூரோ டிரக் சிமுலேட்டர் 2’இல் லாரியை ஓரங்கட்டி, பார்வைக்கோணம் மாறாமல் நூறு படங்கள் எடுத்து அடுக்குகிறார்கள். ஒவ்வொரு புள்ளியிலும் மிகுந்த ஒளியை மட்டும் கொண்டால் கோடுகள் பிறக்கின்றன. சராசரி கண்டால் ஓடும் வண்டிகள் கரைகின்றன.

1838இல் டாகர் எடுத்த பாரிஸ் வீதிப் படத்திலும் நடந்தோர் மறைந்தனர். காலணிக்கு மெருகேற்றிக்கொள்ள நின்றவரும் மெருகேற்றியவருமே பதிந்தனர்.

நம் சாலையிலும் வேகம் வெறும் ஒளியாகிறது. நிறுத்தத்தில் பேருந்துக்காக அசையாது நிற்பவருக்கே உருவம் வாய்க்கிறது. காத்திருத்தலை வீண்பொழுது என்பாருடன் நமக்கு உடன்பாடில்லை.