மே மாதப் படமும் டிசம்பர் படமும்

கழுவெளி ஏரியின் பரப்பளவு எவ்வளவு என்று யாராவது கேட்டால், எந்த மாதத்துக் கணக்கு வேண்டும் என்று திருப்பிக் கேட்பேன். குதர்க்கம் பேசுவதாகச் சிலர் முகம் சுளிப்பார்கள். செயற்கைக்கோள் படங்களை வைத்துப் பிழைக்கிறவனிடம் இதைவிட நேர்மையான பதில் இல்லை. திண்டிவனத்திலிருந்து மரக்காணம் பக்கம் போய் அந்த ஏரியைப் பார்த்தவர்களுக்குப் புரியும். டிசம்பரில் கண்ணுக்கெட்டிய தூரம் தண்ணீர், நடுவில் பறவைக் கூட்டம். மே மாதக் கடைசியில் அதே இடத்தில் மாடு மேயும். தரை பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும். இரண்டுமே கழுவெளிதான்.

புலிக்காட்டுக்கு அடுத்தபடியாகத் தென்னிந்தியாவின் பெரிய உவர்நீர் ஏரி என்று இதைச் சொல்வார்கள். சுற்றுவட்டார ஏரிகளின் உபரி நீரெல்லாம் இங்கே வந்து சேரும். உப்பங்கழி வழியாக இடையன்திட்டு முகத்துவாரத்தில் கடலைத் தொடும். மழைக்காலத்தில் நல்ல தண்ணீர், கோடையில் உப்பு ஏறிய தண்ணீர், பிறகு வெறும் தரை. 2021 டிசம்பரில் வானூர், மரக்காணம் வட்டங்களில் 5,151 ஹெக்டேருக்குச் சற்று கூடுதலான பரப்பைத் தமிழக அரசு பறவைகள் சரணாலயமாக அறிவித்தது. அறிவிப்புக்கு ஒரு எல்லைக்கோடு உண்டு. தண்ணீருக்கு அப்படி எதுவும் கிடையாது.

வானிலிருந்து தண்ணீரைக் கண்டுபிடிக்கும் சூத்திரம் எளிமையானது. தண்ணீர் அண்மை அகச்சிவப்புக் கதிரை விழுங்கிவிடும், பச்சைக் கதிரைக் கொஞ்சம் திருப்பி அனுப்பும். இந்த இரண்டையும் கழித்து, கூட்டி, வகுத்தால் ஒரு எண் கிடைக்கும். பூஜ்யத்துக்கு மேல் என்றால் தண்ணீர், கீழே என்றால் நிலம். 1996-இல் மெக்ஃபீட்டர்ஸ் என்பவர் எழுதிய கணக்கு இது. ஆழமான அணைக்கட்டுக்கு அப்படியே பொருந்தும். கழுவெளியில் கணுக்கால் அளவு கலங்கல் தண்ணீருக்கு அடியில் சேறு தெரியும், அது சேற்றின் ஒளியையும் சேர்த்து அனுப்பும். கோரை மூடிய இடத்தில் இடுப்பளவு நீர் நின்றாலும் கணினிக்கு அது பச்சை வயல்தான். அண்மை அகச்சிவப்புக்குப் பதில் குறுஅலை அகச்சிவப்பை எடுத்துக்கொள்ளலாம் என்று 2006-இல் இன்னொரு திருத்தம் வந்தது. கலங்கல் நீருக்கு அது நன்றாக உதவுகிறது. ஆனால் ஈரச் சேற்றையும் தண்ணீர்ப் பட்டியலில் தள்ளிவிடும். பூஜ்யத்தை எங்கே வைப்பது என்பதிலேயே ஏரி நூற்றுக்கணக்கான ஏக்கர் கூடும், குறையும். அந்த இடத்தை முடிவு செய்யத்தான் எனக்குச் சம்பளம்.

இதை மேசையில் உட்கார்ந்து முடிவு செய்ய முடியாது. கையில் ஜி.பி.எஸ்., ஒரு அளவுகோல் கழி, முழங்காலுக்கு மேல் மடித்துக் கட்டிய லுங்கி. படம் எடுக்கும் அதே நாளில் போய் நிற்க வேண்டும். ஐரோப்பாவின் சென்டினல்-2 கோள்கள் ஐந்து நாளைக்கு ஒருமுறை காலை பத்தரை மணி வாக்கில் நம் தலைக்கு மேல் வரும். படத்தில் ஒரு கட்டம் தரையில் பத்து மீட்டர். பத்து மீட்டர் கட்டத்துக்குள் பாதி வரப்பு, பாதி தண்ணீர் என்றால் கணினி என்ன சொல்கிறது, நான் என்ன பார்க்கிறேன் என்று எழுதிக்கொள்வேன். அந்தக் குறிப்பேடு இல்லாமல் வரும் வரைபடத்தை நான் நம்புவதில்லை, அது எவ்வளவு பெரிய கணினியில் பயிற்றுவித்த நிரலாக இருந்தாலும்.

மரக்காணம் உப்பளங்கள்தான் இந்தத் தொழிலுக்கு நல்ல பள்ளிக்கூடம். ஒரே வரப்பில் நடந்து போனால் முதலில் கடல்நீர் தேங்கும் பெரிய பாத்தி, வெளிர்ப்பச்சை. அடுத்தடுத்த பாத்திகளில் வெயில் ஏற ஏற நீர் கெட்டியாகி, பழுப்பாகி, சில நாட்களில் இளஞ்சிவப்பும் தட்டும். கடைசிப் பாத்தியில் உப்பு பூத்து வெள்ளை. விடியற்காலையிலேயே தொழிலாளர்கள் பலகையால் வாரி வரப்பில் குவித்துவிடுவார்கள். செயற்கைக்கோள் பத்தரைக்கு வரும்போது பாத்தி மறுபடி வெறும் ஈரம், வெள்ளை எல்லாம் குவியலில். சில நாள் கழித்துக் குவியலைக் கீற்றோ தார்ப்பாயோ போட்டு மூடினால் அதுவும் மறைந்துபோகும். நில வகைப்பாட்டில் இந்த ஒரே உப்பளம் ஏரியாகவும் மணலாகவும் கட்டடமாகவும் இறால் பண்ணையாகவும் வந்து நிற்பதை நான் பார்த்திருக்கிறேன். பருவம் தெரிந்தவனுக்குக் குழப்பமில்லை: வடகிழக்குப் பருவமழையில் உற்பத்தி நிற்கும், பாத்திகள் எல்லாம் ஒரே நிறத்தில் மூழ்கும், தை பிறந்த பிறகு ஒவ்வொன்றாகத் தனி நிறம் பிடிக்கும். ஆண்டு முழுக்க வந்த படங்களை வரிசையாக அடுக்கினால் உப்பளம் தன்னைத்தானே காட்டிக்கொடுத்துவிடும். ஒற்றைப் படத்தில் ஒருபோதும் காட்டாது.

கடற்கரைக்கு வந்தால் சிக்கல் வேறு. விழுப்புரம் மாவட்டத்துக் கடற்கரை சுமார் நாற்பது கிலோமீட்டர்தான். அதன் தெற்கு முனையில் நடக்கும் அரிப்புக்குக் காரணம் மாவட்டத்துக்கு வெளியே இருக்கிறது. நம் கரையோரம் மணல் ஆண்டின் பெரும்பகுதி தெற்கிலிருந்து வடக்கே நகரும். வாடைக்காற்று மாதங்களில் கொஞ்சம் திரும்பி வரும். 1980-களின் கடைசியில் புதுச்சேரி துறைமுகத்துக்கு அலைத்தடுப்புச் சுவர் எழுந்தபோது அந்த மணல் வழியில் நின்றது. சுவருக்குத் தெற்கே மணல் சேர்ந்தது, வடக்கே புதுச்சேரி நகரக் கடற்கரை கரைந்தது. கல் கொட்டிக் காத்தார்கள். அரிப்பு இன்னும் வடக்கே நகர்ந்து கோட்டக்குப்பம், சின்னமுதலியார்சாவடி, பொம்மையார்பாளையம் என்று வந்தது. ஒரு குப்பத்தில் கடலுக்குள் நீளும் கல்சுவரான தூண்டில் வளைவு போட்டால் அடுத்த குப்பத்தில் மணல் போகிறது. அவர்களும் தூண்டில் வளைவு கேட்கிறார்கள். கேட்காமல் என்ன செய்வார்கள்?

இந்தக் கதையை லேண்ட்சாட் செயற்கைக்கோள் படங்களில் 1980-கள் தொட்டுப் பார்க்கலாம். ஆனால் அதன் கட்டம் முப்பது மீட்டர். அறுபது மீட்டர் மணல்வெளி என்றால் இரண்டே கட்டம். பொம்மையார்பாளையம் பக்கம் ஒரு பெரியவர் என் மடிக்கணினியைப் பார்த்துவிட்டுக் கேட்டார்: "எல்லாம் தெரியும்னியே தம்பி, எங்க கோயில் இருந்த எடத்தக் காட்டு பாப்பம்." கோயில் அந்தப் படத்தில் தெரியாது. "தெரியாதுங்கய்யா, நீங்க காட்டுங்க" என்றேன். அவர் எழுந்து போய், அலை புரளும் இடத்தைத் தாண்டிக் கையை நீட்டி, அங்கே ரெண்டு வரிசை வலை காயப்போடுவோம், அதுக்கும் அந்தாண்ட கோயில் என்றார். அவர் கை காட்டிய தூரமும், பழைய படத்தில் நான் வரைந்த கரைக்கோடும் ஒரு கட்டத்துக்குள் ஒத்துப்போயின. எனக்கு அது போதும்.

கரைக்கோடு வரையும்போது இன்னொன்றும் உண்டு. கோள் வரும் நேரம் மாறாது, அந்த நேரத்தில் கடல் ஏற்றமா வற்றமா என்பது நாளுக்கு நாள் மாறும். சரிவான மணற்கரையில் ஓதம் ஒரு மீட்டர் ஏறினாலே தண்ணீர் விளிம்பு பத்துப் பதினைந்து மீட்டர் உள்ளே வந்துவிடும். இடையன்திட்டு முகத்துவாரத்தின் சேற்றுத் திட்டுகளில் கேட்கவே வேண்டாம். இதைக் கவனிக்காமல் இரண்டு படத்தை ஒப்பிட்டால் ஓதத்தை அரிப்பு என்று எழுதிவிடலாம். அதனால் ஒரே மாதம், ஒத்த ஓதம், குறைந்தது இருபது ஆண்டுப் படங்கள் என்று பார்த்த பிறகுதான் ஆண்டுக்கு இத்தனை மீட்டர் என்று வாய் திறக்க வேண்டும். சென்னையில் உள்ள தேசியக் கடலோர ஆராய்ச்சி மையம் 1990 முதலான படங்களை வைத்து இந்தியக் கடற்கரையில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு அரிக்கப்படுகிறது என்று சொன்னது இப்படிப்பட்ட நீண்ட தொடரை வைத்துத்தான்.

புயல் நாளில் மேற்சொன்ன எதுவும் உதவாது, மேகம் மூடிவிடும். 2024 நவம்பர் 30 அன்று ஃபெஞ்சல் புயல் புதுச்சேரி அருகே கரை கடந்தபோது, திண்டிவனத்தை ஒட்டிய மயிலத்தில் ஒரே நாளில் ஐம்பது சென்டிமீட்டர் அளவுக்கு மழை கொட்டியது. அப்போது ரேடார் கோள்தான் கண். ரேடார் தானே அலை அனுப்பித் தானே கேட்கும். மேகத்தையும் இரவையும் பொருட்படுத்தாது. அமைதியான நீர் அந்த அலையைக் கண்ணாடி போல வேறு பக்கம் திருப்பிவிடுவதால் படத்தில் கறுப்பாக விழும். ஆனால் கோரைத் தண்டுக்கும் நீருக்கும் நடுவே அலை இரண்டு முறை மோதித் திரும்பினால் வெள்ளம் வெளிச்சமாகத் தெரியும். காற்றடித்துச் சிலிர்த்த ஏரியும் நிலம் போலவே நடிக்கும். போதாக்குறைக்கு, சென்டினல்-1 ரேடார் கோள்களில் ஒன்று 2021 டிசம்பரில் பழுதாகி, மிஞ்சிய ஒன்று பன்னிரண்டு நாளைக்கு ஒருமுறைதான் அதே தடத்தில் வந்துகொண்டிருந்தது. மாற்றுக் கோள் 2024 டிசம்பர் 5-ஆம் தேதி ஏவப்பட்டது, விழுப்புரத்தில் வெள்ளம் வடியத் தொடங்கிய வாரத்தில். வெள்ளம் கோளுக்காகக் காத்திருக்காது. ஊர்க்காரர்கள் சுவரில் கரிக்கட்டியால் இழுத்த நீர்மட்டக் கோடுகளும் கைபேசிப் படங்களும்தான் அந்த இடைவெளியை நிரப்புபவை.

கரையை விட்டுக் கடலுக்குள் போனால், மீன் கிடைக்கும் இடத்தைக் கோள் சொல்லும் கதை எல்லோருக்கும் தெரிந்தது. ஐதராபாத்தில் உள்ள இன்காய்ஸ் நிறுவனம் கடல்மேற்பரப்பு வெப்பத்தையும் பச்சையத்தையும் பார்த்து அறிவிப்புத் தருகிறது. கரையோரக் கலங்கலில் அந்தப் பச்சையக் கணக்கு தடுமாறும், ஆழ்கடலில் நன்றாக நிற்கும். 1990-களின் கடைசியிலேயே புதுச்சேரி வீராம்பட்டினத்தில் எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனத்தின் கிராம அறிவு மையம் அலை உயரத்தை ஒலிபெருக்கியில் வாசித்தது. அதற்குக் கிடைத்த வரவேற்பு எங்கள் வண்ண வரைபடங்கள் எதற்கும் கிடைத்ததில்லை. நியாயம்தான்.

எனக்கு இருக்கும் ஒரே கவலை மே மாதப் படம். கோடைப் படம் ஒன்றைத் திரையில் போட்டு, இங்கே தண்ணீரே இல்லை, தரிசு என்று வாதிடுவதைக் கூட்டங்களில் கேட்டிருக்கிறேன். படம் பொய் இல்லை. தேதியை மறைத்துப் பேசுவது பொய். லேண்ட்சாட் படங்கள் 2008 முதல் எல்லோருக்கும் இலவசம், சென்டினலும் இலவசம். அடுத்த முறை யாராவது உங்கள் ஊர் ஏரியையோ கடற்கரையையோ வானிலிருந்து எடுத்த படம் என்று காட்டினால், எடுத்த தேதி என்ன, அன்றைக்கு ஓதம் என்ன, அதே இடத்தின் டிசம்பர் படம் எங்கே என்று கேளுங்கள். பதில் வரும்வரை கையெழுத்துப் போடாதீர்கள்.