ஒரு காயின், இரண்டு கட்டைவிரல்

போனில் பேக்-மேன் ஆடுகிறவர்கள் பெரும்பாலும் வளைவில்தான் சாகிறார்கள். பேய் வேகமாக வந்து பிடித்துவிட்டது என்று நினைத்துக்கொள்வார்கள். விரல் ஒரு கணம் பிந்தித் திரும்பியிருக்கும், அவ்வளவுதான்.

அந்த விளையாட்டின் பாதை முழுவதும் எட்டுக்கு எட்டு பிக்சல் அளவுள்ள சின்னக் கட்டங்களால் ஆனது. பேய்கள் கட்டத்தின் நடுவுக்கு வந்த பிறகுதான் திரும்பும். பேக்-மேனுக்கு மட்டும் ஒரு சலுகை உண்டு. வளைவுக்கு மூன்று, நான்கு பிக்சல் முன்னதாகவே ஸ்டிக்கைத் திருப்பிவிட்டால் அது மூலையைக் குறுக்காக வெட்டிக்கொண்டு போகும். ஒரு வளைவில் கிடைப்பது கண்ணுக்கே தெரியாத லாபம். தொடர்ந்து நாலைந்து வளைவை அப்படி வெட்டிப் பாருங்கள். முதுகை ஒட்டி வந்த சிவப்புப் பேய் பின்தங்குவது நன்றாகவே தெரியும்.

இந்த வெட்டு என் கட்டைவிரலில் படிய ஏறக்குறைய ஓராண்டு ஆனது. பஸ் ஸ்டாண்டுக்குப் பின்னால் இருந்த வீடியோ கேம்ஸ் கடையில், ஒரு ரூபாய் கொடுத்துக் காயின் வாங்கி, ஸ்டிக் பிடித்து ஆடிய காலத்தில் அது தானாகவே கைக்கு வந்தது. கண்ணாடி மேல் ஆடுவது தனி வித்தை. பத்து வருடங்களுக்கும் மேலாக அதைப் பழகிவருகிறேன்.

போனில் நான் ஆடுவது எமுலேட்டரில். எமுலேட்டர் என்றால் பழைய விளையாட்டின் நகல் என்று பலர் எண்ணுகிறார்கள். பேக்-மேனைப் பார்த்துப் புதிதாக எழுதிய விளையாட்டுகள் ஏராளம், அவை வேறு. எமுலேட்டரில் ஓடுவது 1980-ல் நாம்கோ கம்பெனி விற்ற பெட்டியின் சிப்புகளிலிருந்து படித்தெடுத்த அதே புரோகிராம், ஒரு எழுத்தும் மாறாமல். அந்தப் பெட்டிக்குள் இருந்த இசட்-80 சிப்பாகப் போன் நடந்துகொள்கிறது, விநாடிக்கு 30 லட்சத்துச் சொச்சம் துடிப்பு என்ற பழைய வேகத்திலேயே. அதனால் டோரு இவாடானியும் அவருடைய குழுவும் அறியாமல் விட்ட பிழைகள்கூட அப்படியே வருகின்றன. இளஞ்சிவப்புப் பேய் நமக்கு நான்கு கட்டம் முன்னால் குறி வைத்து வரும். நாம் மேல்நோக்கிப் போகும்போது மட்டும் ஒரு கணக்குப் பிழையால் அதன் குறி இடப்பக்கமும் நான்கு கட்டம் விலகிவிடும். விவரம் தெரிந்தவர்கள் அதை வைத்தே தப்பிப்பார்கள். 256-வது ஸ்டேஜில் எண்ணிக்கை எட்டு பிட்டுக்குள் அடங்காமல் வழிந்து, திரையின் வலப்பாதி எழுத்தும் பழமுமாகச் சிதறிப்போகும். போனிலும் அதே இடத்தில் சிதறும்.

இத்தாலிக்காரர் நிக்கோலா சல்மோரியா 1997 பிப்ரவரி 5 அன்று வெளியிட்ட 'மேம்' என்ற மென்பொருளிலிருந்து வளர்ந்தது பழைய பெட்டிகளை இப்படி ஓட்டும் வேலை. பெட்டிகளுக்குள் இருந்த பழைய சர்க்யூட் பலகைகள் எப்படி இயங்கின என்பதை ஆவணப்படுத்துவதுதான் மேம் குழுவின் நோக்கம். ஆட முடிவது, அந்த ஆவணம் சரி என்பதற்குச் சாட்சி. போனில் நான் வைத்திருப்பது ரெட்ரோஆர்ச் என்ற செயலி, அதற்குள் மேம் 2003 பிளஸ் என்ற எமுலேட்டர். புதிதாக வருபவர்கள் முதல் நாளிலேயே தடுக்கி விழும் இடம் ஒன்று உண்டு: சிப்புகளிலிருந்து படித்தெடுத்த ரோம் கோப்பும் எமுலேட்டரின் பதிப்பும் ஒன்றுக்கொன்று பொருந்த வேண்டும், இல்லையென்றால் கறுப்புத் திரைதான். ஐபோன்காரர்களுக்கு 2024 ஏப்ரலில்தான் ஆப்பிள் தன் கடையில் எமுலேட்டர்களை அனுமதித்தது. ஆண்ட்ராய்டில் அதற்கு வெகு காலம் முன்பே வழி இருந்தது.

இனி விரலுக்கு வருவோம். கடையில் இருந்த ஸ்டிக்குக்குக் கீழே நாலு சுவிட்ச் உண்டு. திருப்பினால் 'டக்' என்று விழும், அந்தச் சத்தம் உள்ளங்கையில் தெரியும். கண்ணாடியில் அந்தத் 'டக்' இல்லை. திரையில் வரைந்த திசைப் பட்டனின் மேல் கட்டைவிரலை வைத்து ஐந்து நிமிடம் ஆடினால், விரல் நமக்குத் தெரியாமலே அரை அங்குலம் நகர்ந்திருக்கும். பேக்-மேனுக்குக் குறுக்குத் திசைகள் கிடையாது. ஆனால் போனின் திசைப் பட்டன் எட்டுத் திசையையும் ஏற்கும். மேலும் வலமும் ஒன்றாக அழுந்தியதாக எடுத்துக்கொண்டு, பேக்-மேன் வளைவைக் கடந்து நேரே போய்விடும். அதனால் நான் முதலில் செய்வது குறுக்குத் திசைகள் பதிவாகும் பரப்பை ஆகக் குறைவாகச் சுருக்குவது. அடுத்து, பட்டனைப் பெரிதாக்குவது. விரல் நகர்ந்தாலும் அதன் எல்லைக்குள்ளேயே இருக்க வேண்டும்.

வியர்வை இன்னொரு தொல்லை. சித்திரை மாதத்து மத்தியானத்தில் ஈர விரல் கண்ணாடியில் ஒட்டி ஒட்டி நகரும், வெட்ட வேண்டிய வளைவில் பிசிறும். விரல் நுனியில் துளி முகப் பவுடர் தேய்த்துக்கொள்கிறேன். கேரம் பலகைக்குப் பவுடர் போட்டுப் பழகிய நமக்கு இது புதிதல்ல. திரையின் ஓரத்தில் இழுத்தால் பின்னால் போகும் வசதியை நிறுத்திவிட வேண்டும்; இரண்டு மணி நேர ஆட்டம் ஒரே இழுப்பில் மூடிக்கொண்ட அனுபவம் எனக்கு உண்டு. அழைப்பு வராமல் அமைதி நிலையில் வைப்பதையும் பேட்டரி சேமிப்பை நிறுத்துவதையும் சொல்லத் தேவையில்லை.

படத்தைப் பொறுத்தவரை போன் ஒரு வரம். பேக்-மேன், கலாகா போன்றவை நெட்டுத்திரை விளையாட்டுகள். பெட்டிக்குள் டிவியைச் சாய்த்துப் படுக்கவைத்திருப்பார்கள். கம்ப்யூட்டரில் அவை குறுகி நடுவில் நிற்கும். போனை நிமிர்த்திப் பிடித்தாலே அவற்றுக்குச் சொந்த வீடு கிடைத்துவிடுகிறது. பேக்-மேனின் படம் 224 பிக்சல் அகலம், 288 உயரம். என் போனின் திரை 1080-க்கு 2400. நான்கு மடங்கு பெருக்கினால் 896-க்கு 1152. பிக்சல் எதுவும் பிதுங்காமல் சதுரமாக நிற்கும், கீழே பாதித் திரை கட்டைவிரலுக்குக் காலியாகக் கிடைக்கும். ஐந்து மடங்கு ஆசைப்பட்டால் 1120, ஓரம் வெட்டுப்படும். திரை முழுக்க இழுத்து நிரப்புகிறவர்களைப் பார்த்தால் எனக்கு மனசு கேட்காது. பேய் நீண்டு, பேக்-மேன் முட்டையாகி, விரலுக்கு இடமும் போய்விடுகிறது.

ஆனால் படம் கொஞ்சம் கெட்டாலும் ஆட்டம் பிழைத்துக்கொள்ளும். நேரம் கெட்டால் பிழைக்காது. இத்தனை வருடப் பழக்கத்தில் நான் கண்டது இதுதான்.

1978-ல் டைட்டோ கம்பெனிக்காக டொமொஹிரோ நிஷிகாடோ செய்த ஸ்பேஸ் இன்வேடர்ஸை எடுத்துக்கொள்ளுங்கள். வரிசை கட்டி நிற்கும் எதிரிகள் 55. அந்தப் பலகை ஒரு ஃப்ரேமுக்கு ஓர் எதிரியைத்தான் நகர்த்தும். விநாடிக்கு 60 ஃப்ரேம்; ஆக மொத்தக் கூட்டமும் ஓரடி வைக்கக் கிட்டத்தட்ட ஒரு விநாடி. நாம் சுட்டுக் குறைக்கக் குறைக்க ஒவ்வொன்றின் முறையும் சீக்கிரம் வரும். கடைசியாக மிஞ்சிய ஒன்று ஒவ்வொரு ஃப்ரேமிலும் பாயும். அந்தப் படபடப்பு சிப்பின் வேகக் குறைவிலிருந்து பிறந்தது. போனின் சிப் அதைவிடப் பல்லாயிரம் மடங்கு வேகமானது. அது தன் வேகத்தை அடக்கிக்கொண்டு அந்தப் பழைய சிப்பின் நடையில் நடந்தால்தான் ஸ்பேஸ் இன்வேடர்ஸ் ஸ்பேஸ் இன்வேடர்ஸாக இருக்கும்.

எல்லாப் பலகைகளும் 60 ஃப்ரேமில் ஓடவில்லை என்பதையும் கவனிக்க வேண்டும். ஐரெம் கம்பெனியின் ஆர்-டைப் 55-ல் ஓடும். 60 முறை மாறும் போன் திரையில் அதை அப்படியே ஓட்டினால் விநாடிக்கு ஐந்து ஃப்ரேம் இரண்டு தடவை நின்று காட்டும், பின்னணி நகர்வது சின்னச் சின்னதாய்த் தடுக்கும். தடுக்காமல் இருக்கட்டும் என்று ஆட்டத்தைத் திரையின் வேகத்துக்கு இழுத்தால் ஒன்பது சதவீதம் வேகம் கூடி, பாட்டின் சுருதியும் ஏறிவிடும். இரண்டில் எது வேண்டும் என்று கேட்டால், தடுக்கினாலும் சரி, அசல் வேகம்தான் வேண்டும் என்பேன். கை பழகியது அந்த வேகத்துக்கு.

அடுத்தது தாமதம். ஒருமுறை ஆசையாக வயர் இல்லாத கன்ட்ரோலர் ஒன்று வாங்கினேன். பட்டன்கள் அருமை, பிடி அருமை, பேக்-மேன் மட்டும் வளைவை வெட்ட மறுத்தது. நான் அழுத்தியது திரைக்குப் போய்ச் சேர்வதற்குள் அந்த மூன்று, நான்கு பிக்சல் கடந்துவிட்டிருந்தது. பிறகு ஓடிஜி வயரில் கீபோர்டைச் செருகி, ஆட்டத்தை நிறுத்தி, பட்டனை அழுத்தியபடியே ஒவ்வொரு ஃப்ரேமாக நகர்த்தி எண்ணிப் பார்க்கப் பழகினேன். பல விளையாட்டுகள் தாங்களாகவே ஓரிரு ஃப்ரேம் கழித்துத்தான் அசைகின்றன என்பது அப்போது தெரிந்தது. ரெட்ரோஆர்ச்சில் இதற்கென்றே 'ரன்-அஹெட்' என்று ஒரு வசதி இருக்கிறது. நாம் அழுத்தியதும் அது ஆட்டத்தை மறைவாக ஒரு ஃப்ரேம் முன்னால் ஓட்டி, அந்தப் படத்தைக் காட்டிவிட்டு, பழைய நிலைக்குத் திரும்பி வந்து தொடர்கிறது. ஆட்டத்துக்கே உரிய தாமதத்தில் ஒரு ஃப்ரேமைக் கழித்து, போன் சேர்த்த தாமதத்துக்கு ஈடுகட்டுகிறோம். ஒன்று போதும். மூன்று, நான்கு என்று ஏற்றினால் அசைவுகள் வெட்டி வெட்டித் தெரியும்.

சரியாக அமைந்துவிட்டதா என்று பார்க்க ஒரு சோதனை இருக்கிறது. பேக்-மேனில் பேய்கள் மிரண்டு ஓடும்போது எந்தப் பக்கம் திரும்பும் என்பதும்கூடக் கணக்குதான். அந்தக் கணக்கு ஒவ்வொரு ஸ்டேஜின் தொடக்கத்திலும் முதலிலிருந்து ஆரம்பிக்கும். எனவே ஒரே வழியில், ஒரே நேரத்தில், ஒரே மாதிரி வெட்டிக்கொண்டு போனால் பேய்களும் ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி வரும். கடையில் மனப்பாடம் செய்து ஆடியவர்கள் இதை நம்பித்தான் ஆடினார்கள். முதல் ஸ்டேஜுக்கு எனக்கு ஒரு வழி மனப்பாடம். அமைப்பில் ஏதாவது மாற்றினால் அதை ஆடிப் பார்ப்பேன். பேய் எதிர்பாராத மூலையில் நின்றால், விரலோ போனோ எங்கோ ஒரு ஃப்ரேம் பிந்துகிறது என்று அர்த்தம்.

இனி முஸ்தபா. 1993-ல் கேப்காம் வெளியிட்ட கேடிலாக்ஸ் அண்ட் டைனோசார்ஸ் என்ற பெயரை எங்கள் கடையில் யாரும் சொல்லிக் கேட்டதில்லை. நாலு ஆட்களில் வேகமானவன் பெயர் முஸ்தபா. விளையாட்டுக்கும் அதுவே பெயர். மார்க் ஷுல்ட்ஸ் வரைந்த காமிக்ஸிலிருந்து வந்த கதை அது. அந்த நாளில் எந்த வீட்டுக் கன்சோலுக்கும் அது வரவில்லை. 2018-ல் கேப்காம் தன் பழைய சண்டை விளையாட்டுகளைத் தொகுத்து விற்றபோதும் சேர்க்கவில்லை. இந்தியாவில் ஒரு தலைமுறையே வரிசையில் நின்று ஆடிய விளையாட்டு, பெட்டிகள் போன பிறகு எமுலேட்டரில் மட்டும்தான் உயிரோடு இருந்தது.

போனைப் படுக்கவைத்தால் முஸ்தபாவுக்கு அளவான இடம். 384-க்கு 224 பிக்சல் படம் அது, ஆனால் நாலுக்கு மூன்று டிவிக்காக வரைந்தது. விகிதத்தைத் திருத்தாமல் விட்டால் எல்லோரும் பருத்துத் தெரிவார்கள். திருத்தினால் இரண்டு பக்கமும் கட்டைவிரலுக்குத் தாராளமாக இடம் மிஞ்சும். அடி, தாவல் என்று இரண்டே பட்டன். சுற்றி வளைத்துவிட்டால் இரண்டையும் ஒன்றாக அழுத்த வேண்டும். கொஞ்சம் லைஃப் குறையும், சுற்றி நிற்பவர்கள் விழுவார்கள். கண்ணாடியில் இதைச் செய்ய, இரண்டு பட்டனையும் ஒட்டி வைத்து, நடுக்கோட்டில் விரலைக் கிடத்துகிறேன்.

அக்கா மகன் போன கோடை விடுமுறையில் இதை ஒரே சாயங்காலத்தில் முடித்துவிட்டு வந்தான்.

"மாமா, முஸ்தபாவை முடிச்சிட்டேன்."

"எத்தனை காயின் மாப்ளே?"

"காயினா? சும்மா அமுக்கிட்டே இருந்தேன் மாமா. பாஸ் வர்றதுக்கு முன்னாடி சேவ் பண்ணிக்கிட்டேன்."

அவனைக் குறை சொல்லவில்லை. காயின் பட்டனைத் தட்டினால் காயின் விழுகிறது. எந்த நொடியிலும் ஆட்டத்தை அப்படியே சேமித்து, செத்தால் அங்கிருந்தே எழலாம். நானும் சேமிக்கிறேன், பயிற்சிக்கு. ஒரு பாஸ் எந்தக் கணத்தில் கையை ஓங்குகிறான் என்று தெரிய ஐம்பது முறை அவன் முன்னால் போய் நிற்க வேண்டும். கீர்த்தனையின் கடினமான வரியைத் திரும்பத் திரும்பப் பாடிப் பார்ப்பது போல. ஆனால் ஆட்டம் என்று ஆரம்பித்துவிட்டால் ஒரு காயின், சேமிப்பு கிடையாது. பையில் ஒரே ஒரு ரூபாய் இருந்தபோது நாம் எப்படி ஒதுங்கி நின்று, பார்த்து, பொறுத்து ஆடினோமோ, அந்தப் பொறுமைக்கு எதிராக வடிவமைத்த விளையாட்டுகள் இவை. காயினுக்கு மதிப்பு இல்லாவிட்டால் பாஸுக்கும் மதிப்பு இல்லை. இதை அவனிடம் சொன்னேன். மறுநாள் ஒரே காயினில் இரண்டாவது ஸ்டேஜ் பாதியில் செத்தான், உடனே மறுபடி ஆரம்பித்தான்.

ஆரம்பிக்க நினைப்பவர்களுக்கு: கிரிட்லீ, ராபி ரோட்டோ போன்ற சில விளையாட்டுகளை உரிமையாளர்களே அனுமதித்து, மேம் குழுவின் தளத்தில் இலவசமாகத் தருகிறார்கள். அவற்றில் விரலைப் பழக்குங்கள். விலைக்குக் கிடைக்கும் பழைய விளையாட்டுகளை விலைக்கே வாங்குங்கள்.

வீடியோ கேம்ஸ் கடை நடத்தியவர்களுக்கும் அவர்கள் பிள்ளைகளுக்கும் ஒரு வேண்டுகோள். பெட்டியை விறகுக்குப் போட்டிருக்கலாம். உள்ளே இருந்த பலகை பரணிலோ குடோனிலோ கிடந்தால் பழைய இரும்புக்காரருக்குப் போட்டுவிடாதீர்கள். நம் ஊர்க் கடைகளில் நகல் பலகைகளும் நிறைய இருந்தன. மேம் அவற்றையும் தனித்தனியாகப் பதிவு செய்கிறது, முஸ்தபாவின் நகல்களையும் சேர்த்து. போனில் ஓடும் ஒவ்வொரு விளையாட்டும் யாரோ பத்திரமாக வைத்திருந்த ஒரு பலகையிலிருந்து படித்தெடுத்தது. முஸ்தபாவின் அசல் பலகையில் ஒரு சின்ன பேட்டரி இருக்கும். சவுண்டு சிப்பின் ரகசியச் சாவியை அதுதான் காத்து நிற்கிறது. அது தீர்ந்தால் சாவி அழிந்துவிடும், பலகை பழையபடி இயங்காது. அதை நீங்களாகக் கழற்ற வேண்டாம். பலகையின் இரண்டு பக்கத்தையும் படம் எடுத்து, விவரம் தெரிந்த ஒருவரிடம் முதலில் காட்டுங்கள்.