வாடாமல்லியில் காதல் எத்தனை பக்கம்?

சு. சமுத்திரத்தின் 'வாடாமல்லி' நாவலை எங்கள் வாசிப்பு வட்டத்தில் ஐந்து மாதம் எடுத்துக்கொண்டு படித்து முடித்தோம். வட்டம் என்றால் பெரிதாக ஒன்றுமில்லை தோழர்களே. திருவொற்றியூரில் ஒரு ஹவுசிங் போர்டு மொட்டை மாடி, ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம், கடல் காற்று, அந்தக் காற்றோடு இலவசமாக வரும் கெமிக்கல் நாற்றம். பிளஸ் டூ படிக்கும் பெண் பிள்ளைகள் ஐந்தாறு பேர், காசிமேட்டில் ஏலம் எடுத்து மீன் விற்கும் இரண்டு அம்மாக்கள், துறைமுகத்தில் கான்ட்ராக்ட் வேலை பார்க்கும் பையன்கள், அம்பேத்கர் மன்றத்துத் தோழர்கள், எர்ணாவூர் பக்கத்திலிருந்து வரும் ஒரு திருநங்கை அக்கா. கையில் இருந்தது ஒரே பிரதி. வாராவாரம் முப்பது பக்கம் ஜெராக்ஸ் எடுத்துக் கொடுப்போம். ஒருவர் வாசிப்பார், மற்றவர்கள் கேட்பார்கள், பிறகு சண்டை போடுவார்கள். இங்கே எழுதுவது அந்தச் சண்டையைப் பற்றி. யாரையும் அடையாளம் தெரியாதபடி சில விவரங்களை மாற்றியிருக்கிறோம்.

நாவலைப் படிக்காதவர்களுக்கு: சுயம்பு என்ற கிராமத்து மாணவன் கல்லூரிக்குப் போகிறான். உடம்பு ஒன்று சொல்ல, மனசு வேறொன்று சொல்கிறது. குடும்பமும் ஊரும் கல்லூரியும் அவனைத் துரத்துகின்றன. அவன் மேகலை ஆகிறாள். டெல்லி வரை போய், அங்கே தன்னைப் போன்றவர்களோடு வாழ்ந்து, அவர்களுக்காக நிற்கும் ஆளாக வளர்கிறாள். ஆனந்த விகடனில் தொடராக வந்து 1994இல் நூலானது. திருநங்கை ஒருவரைக் கதையின் நடுவில் நிறுத்தி, கேலி இல்லாமல், நடுத்தர வர்க்க வீட்டுக் கூடத்துக்குள் கொண்டுபோய் உட்கார வைத்தது அந்தத் தொடர். சமுத்திரம் ஏற்கெனவே அரசு அலுவலகத்துக்குள் சாதி எப்படி வேலை செய்கிறது என்று 'வேரில் பழுத்த பலா' எழுதி 1990இல் சாகித்திய அகாதமி விருது வாங்கியவர். அதனால் மன்றத்துத் தோழர்களுக்கு அவர் மேல் மரியாதை உண்டு.

முதல் வாரமே ஒரு சொல்லில் மாட்டிக்கொண்டோம். அந்தக் காலத்தில் எல்லாரும் சொன்ன சொல் 'அலி'. நாவலிலும் அதுதான் வருகிறது. வாசித்துக்கொண்டிருந்த பெண் அந்த இடத்தில் நின்று, அக்காவின் முகத்தைப் பார்த்தாள். "படி பாப்பா, எனுக்கு இன்னா புதுசா?" என்றார் அக்கா. அடுத்த வாரம் அந்தப் பெண்ணாகவே அந்தச் சொல் வரும் இடமெல்லாம் 'திருநங்கை' என்று மாற்றி வாசித்தாள். அக்கா மறுத்துவிட்டார். எழுதியது எழுதினபடி இருக்கட்டும், அப்போதுதான் அந்தக் காலத்தில் எங்களை எப்படிக் கூப்பிட்டார்கள் என்று இவர்களுக்குத் தெரியும் என்றார். 'சேரி' என்ற சொல்லை என்ன செய்வது என்று நமக்குள் எத்தனை கூட்டம் போட்டிருக்கிறோம். அந்த விவாதத்தை அக்கா ஒரே வரியில் முடித்துவிட்டார்.

கருத்துகள் ஒரே மாதிரி வரவில்லை. மீன் விற்கும் ஒரு அம்மாவுக்குக் கடைசி வரை சுயம்புவின் அம்மா மேல்தான் கவலை. "பெத்தவ வயிறு இன்னா பாடு பட்டிருக்கும்" என்று ஒவ்வொரு வாரமும் சொன்னார். தலைப்பைப் பற்றி அவர் சொன்னதுதான் எங்களுக்குப் பிடித்தது: வாடாமல்லிக்கு வாசனை கிடையாது, அதனால் தலையில் வைக்க மாட்டார்கள், மாலையில் மட்டும் சேர்ப்பார்கள், ஆனால் மாலையில் மற்ற பூவெல்லாம் கருகினாலும் அது அப்படியே இருக்கும்.

துறைமுகப் பையன்கள் முதல் இரண்டு வாரம் சிரித்தார்கள், மூன்றாவது வாரம் இரண்டு பேர் வரவில்லை, வந்தவர்கள் சிரிப்பதை நிறுத்திவிட்டார்கள். மன்றத்துத் தோழர் ஒருவர் வெளிப்படையாகவே கேட்டார்: "நம்ம பசங்களுக்கு வேலை இல்ல, 2023 டிசம்பர்ல ஒரே மாசத்துல ஆத்துல எண்ணெய், ராத்திரில அம்மோனியான்னு ஓடினோம். அதையெல்லாம் விட்டுட்டு இது எதுக்கு?" எண்ணூர்க்காரர் யாரும் அந்தக் கேள்வியை அலட்சியமாகத் தள்ள முடியாது. அக்கா பதில் சொன்னார். அந்த டிசம்பர் 26 நள்ளிரவில் பெரியகுப்பத்திலிருந்து சனம் ஓடியபோது தானும்தான் ஓடினாராம். ஓடிப்போய் உட்கார்ந்த இடத்தில் பெண்கள் பக்கம் போவதா ஆண்கள் பக்கம் போவதா என்று தெரியாமல் ரோட்டிலேயே விடிய விடிய நின்றாராம். தோழர் அதற்குப் பிறகு அந்தக் கேள்வியைக் கேட்கவில்லை. ஒத்துக்கொண்டார் என்றும் சொல்ல முடியாது.

பிளஸ் டூ பெண்களின் புகார்தான் எங்களை இந்தக் கட்டுரை எழுத வைத்தது. அவர்களுக்கு நாவலில் பிடித்த இடம், மாணவப் பருவத்தில் கூடப் படிப்பவன் மேல் சுயம்புவுக்கு மனசு போகும் பகுதி. அந்தப் பக்கங்களைத் திரும்பத் திரும்பக் கேட்டு வாசித்தார்கள். பிறகு அடி, அவமானம், பயணம், போராட்டம் என்று கதை போனதும், "அவ்ளோதானா லவ்வு?" என்றாள் ஒருத்தி. மற்றவர்கள் அவளை அடக்கினார்கள். இவ்வளவு கஷ்டப்படுகிறவளுக்கு லவ் ஒரு கேடா என்கிற மாதிரி.

அப்போது அக்கா பேசினார். முழுசாக நினைவிலிருந்து எழுதுகிறோம். "அந்தப் பொண்ணு கேக்கறதுதான் கரெக்ட்டு. மேகலை தலைவி ஆயிட்டா, நல்லாருக்கட்டும். எனுக்குத் தலைவி ஆவணும்னு ஆசை இல்ல. பதினேழு வயசுல காசிமேட்டுக் கல்லு மேல எல்லாப் பொண்ணுங்களும் ஒருத்தன் கூட ஒக்காந்துகினு இருப்பாங்க. என்னை ஒருத்தன் வாடின்னு கூப்ட்டா போதும்னு இருந்துச்சு. எழுதினவரு நல்ல மனுசன். ஆனா எங்க மேல பரிதாபப்படறதுக்குத்தான் எழுதிக்கீறாரு. எங்களப் பாத்து யாரும் பொறாமைப்பட மாட்டாங்களா?"

சமுத்திரத்தைக் குறை சொல்வதற்காக இதை எழுதவில்லை. 1990களின் தொடக்கத்தில், வார இதழ் வாசகருக்கு முன்னால், வெளியிலிருந்து எழுதும் ஓர் ஆண் அந்தக் கதையை எப்படி எழுத முடியுமோ அப்படி எழுதினார். வாசகர் கேட்கும் நுழைவுக்கட்டணம்தான் எங்கள் பிரச்சினை. திருநங்கையாக இருந்தால் முதலில் அழ வேண்டும், அடி வாங்க வேண்டும், பிறகு உயர்ந்த மனுஷியாகி நிற்க வேண்டும். அதற்கப்புறம்தான் நாங்கள் மதிப்போம் என்கிறது பொதுப்புத்தி. தலித்துகளுக்கு இது நன்றாகப் பழகிய கட்டணம். நம்மைப் பற்றிக் கதை வர வேண்டுமானால் நாம் பிணமாக வேண்டும், இல்லாவிட்டால் கலெக்டராக வேண்டும். பாமாவின் 'கருக்கு' 1992இல் வந்தது. அதில் சின்னப் பிள்ளைகளின் விளையாட்டும் கேலியும் சிரிப்பும் எவ்வளவு இருக்கிறது! எங்களில் சமூகவியல் முதுகலை படித்தவர்களுக்கு வகுப்பில் வந்த கேள்விகள் எல்லாம் வலியைப் பற்றி மட்டும்தான். சிரிப்பைப் பற்றி ஐந்து மார்க் கேள்விகூட கிடையாது.

ஆங்கிலத்தில் இதற்கு நேரெதிரான ஒரு புத்தகம் இருக்கிறது. மெரிடித் ரூஸோ என்ற திருநங்கை 2016இல் எழுதிய 'இஃப் ஐ வாஸ் யுவர் கேர்ள்'. அமெரிக்காவின் டென்னஸியில் ஒரு சின்ன ஊர். அமாண்டா என்ற பெண் அப்பா வீட்டில் இருந்து படிக்க வருகிறாள், கிராண்ட் என்ற பையனைக் காதலிக்கிறாள், தன்னைப் பற்றி அவனிடம் சொல்வதா வேண்டாமா என்று தவிக்கிறாள். பள்ளிக்கூடக் காதல் கதைதான். அடுத்த ஆண்டே ஸ்டோன்வால் விருது கிடைத்தது. அங்கேயும் வாசகர்கள் இரண்டாகப் பிரிந்தார்கள். இப்படி ஒரு சந்தோஷக் கதை எங்களுக்கு வேண்டும் என்றார்கள் சிலர். அமாண்டா இவ்வளவு அழகாக, அறுவை சிகிச்சையெல்லாம் முடித்தவளாக, யாராலும் கண்டுபிடிக்க முடியாதவளாக இருப்பது சௌகரியமான ஏற்பாடு என்றார்கள் மற்றவர்கள். மற்ற வாசகர்கள் அமாண்டாவைப் பெண் என்று ஏற்பதற்குச் சாக்குப்போக்கு சொல்ல இடம் வைக்கக்கூடாது என்றே அப்படி எழுதியதாக ரூஸோ நூலின் பின்குறிப்பில் வெளிப்படையாகச் சொல்கிறார்.

ஒரு ஞாயிறு அந்தக் கதையைத் தமிழில் சொன்னோம். பெண் பிள்ளைகளுக்கு உயிர். அக்காவுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "ஆபரேசன் ஆயி, படிப்பும் இருக்கு, அப்பன் வூட்டுல ரூமும் இருக்கு. அப்புறம் லவ்வு வராம இன்னா பண்ணும்?" என்றார். சிரித்து முடித்துவிட்டு, "ஆனா நல்லாக்கீது. இன்னோரு வாட்டி சொல்லு" என்றார்.

அக்கா சொன்ன ரூமைக் கொஞ்சம் யோசித்துப் பார்க்க வேண்டும். காதலிக்க இடம் வேண்டும். வடசென்னையில் ஒரே அறையில் ஆறு பேர் படுக்கும் வீட்டுப் பிள்ளைகள் கடலோரக் கல் மேலும், கும்மிடிப்பூண்டி ரயிலிலும்தான் காதலிக்கிறார்கள். (2021இல் விம்கோ நகர் வரை மெட்ரோ வந்த பிறகு ஏசியும் கிடைத்திருக்கிறது, அவர்கள் பாக்கியம்.) அந்த இடங்களிலும் சாதி பார்க்கும் கண்கள் உண்டு. இளவரசன், கோகுல்ராஜ், உடுமலை சங்கர், 2025 ஜூலையில் நெல்லையில் கவின். நம் பிள்ளைகள் காதல் என்றதும் நமக்கு வரிசையாக நினைவுக்கு வருவது இந்தப் பெயர்கள்தான். தலித்தாகவும் திருநங்கையாகவும் இருக்கும் பதினேழு வயசுப் பிள்ளைக்கு அந்தக் கல் மேல் எவ்வளவு இடம் மிச்சம்? 'நான் வித்யா' எழுதிய லிவிங் ஸ்மைல் வித்யா தன்னைத் தலித் திருநங்கை என்று சொல்பவர். திருநர் மீதான வெறுப்பும் பார்ப்பனியத்தின் ஒரு வடிவம்தான் என்று அவர் பேசியபோது நம் ஆட்கள் சிலருக்கே அது உறுத்தியது. யார் யாரைத் தொடலாம், யார் யாரோடு சேரலாம் என்று உடம்புக்குச் சட்டம் போடுவதுதானே சாதி? இதில் உறுத்த என்ன இருக்கிறது என்று எங்களுக்குப் புரியவில்லை.

சட்டம் இந்த விஷயத்தில் எங்கள் மொட்டை மாடியைவிடக் கொஞ்சம் முன்னால் போயிருக்கிறது. தூத்துக்குடியில் ஓர் ஆணுக்கும் திருநங்கைக்கும் நடந்த கல்யாணத்தைப் பதிவு செய்ய அதிகாரிகள் மறுத்தார்கள். 2019 ஏப்ரல் 22 அன்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை, இந்து திருமணச் சட்டத்தில் 'மணமகள்' என்ற சொல்லுக்குள் திருநங்கையும் அடக்கம் என்று தீர்ப்புச் சொன்னது. இதைச் சொன்னபோது ஒரு நிமிடம் யாரும் பேசவில்லை. அதே 2019இல் வந்த ஒன்றிய அரசின் திருநர் சட்டத்தில், திருநர் மீதான பாலியல் வன்முறைக்கு ஆறு மாதம் முதல் இரண்டு ஆண்டு வரைதான் தண்டனை என்பதையும் சொன்னோம். பாலியல் வல்லுறவுக்குப் பெண்கள் விஷயத்தில் குறைந்தபட்சமே பத்து ஆண்டு. "மணமகள்னு சொல்லுவாங்க, பொம்பளன்னு சொல்ல மாட்டாங்களா?" என்று கேட்டது அந்த லவ் கேட்ட பெண்தான்.

மூன்றாவது மாதத்தில் ஒரு சிக்கல் வந்தது. வட்டத்தில் ஓரமாக உட்கார்ந்து வாயே திறக்காத ஒரு பிள்ளை, பதினாறு வயசு. அந்தக் காதல் பகுதியின் ஜெராக்ஸை வீட்டுக்கு எடுத்துக்கொண்டு போயிருக்கிறது. அண்ணன் பார்த்துவிட்டான். தாள்களைக் கிழித்து, பிள்ளையையும் அடித்து, ஞாயிற்றுக்கிழமை வெளியே விடுவதில்லை என்று ஆகிவிட்டது. இப்படிப்பட்ட புத்தகம் படித்தால் பிள்ளைகள் மாறிவிடுவார்கள் என்று பக்கத்து பிளாக்கில் பேச்சு. ஊரில் இருக்கும் சினிமாவெல்லாம் ஆணும் பெண்ணும் காதலிப்பதைத்தானே ஐம்பது வருஷமாகக் காட்டுகிறது, அதைப் பார்த்து அக்கா மாறவில்லையே என்று நாங்கள் வாதம் பண்ணலாம். அந்த வீட்டில் அது எடுபடாது. நாங்கள் போனால் 'என்ஜிஓக்காரங்க' வந்திருக்கிறார்கள் என்று கதவு பாதிதான் திறக்கும்.

மீன் விற்கும் அம்மாதான் போனார். பெற்றவள் வயிறு என்று வாராவாரம் சொன்ன அதே அம்மா. அந்தப் பிள்ளையின் தாயை இருபது வருஷமாக மார்க்கெட்டில் தெரியும் அவருக்கு. என்ன பேசினார் என்று எங்களிடம் முழுசாகச் சொல்லவில்லை. "கத கேக்க வர்ற புள்ளய அடிச்சா அது கடலுக்குப் போயிடும், அப்புறம் நீ கரையில நின்னு மாரடிச்சுக்கோன்னு சொன்னேன்" என்றார். மூன்று வாரம் கழித்து அந்தப் பிள்ளை வந்தது. தாய் போட்ட நிபந்தனை: வரட்டும், படிக்கட்டும், பேப்பரை வீட்டுக்குத் தூக்கிக்கொண்டு வரக்கூடாது. இப்போது அதன் ஜெராக்ஸ் தாள்கள் அக்காவின் வீட்டில் ஒரு பிஸ்கட் டப்பாவில் இருக்கின்றன. அண்ணன் இன்னும் முறைத்துக்கொண்டுதான் இருக்கிறான்.

அடுத்து ஏ. ரேவதியின் 'வெள்ளை மொழி' எடுத்திருக்கிறோம். 2010இல் முதலில் ஆங்கிலத்தில் வந்த தன்வரலாறு, பிறகு தமிழில் வெளிவந்தது. இந்த முறை நாவல் இல்லை, வெளியிலிருந்து எழுதியதும் இல்லை. இரண்டு பிரதி வாங்கியாகிவிட்டது, இன்னும் மூன்று தேவை. பழைய பிரதி வைத்திருக்கும் தோழர்கள் கொடுத்தால் நல்லது. புத்தகத்தைக் கையில் கொடுத்ததும் அந்தப் பெண் பின்னட்டையைத் திருப்பிப் பார்த்து, "இதுல லவ் இருக்கா?" என்று கேட்டாள்.

இருக்கிறது என்றோம். காதலும் கல்யாணமும் பிரிவும் எல்லாமே இருக்கிறது. "அப்ப அங்கருந்து ஆரம்பிக்கலாம்" என்றார் அக்கா.