கோடைக்கானலும் குறிஞ்சி ராகமும்

கோடைக்கானலுக்குப் போய் வந்தவர்களிடம் "என்ன பார்த்தீர்கள்?" என்று கேளுங்கள். ஏரி, தூண் பாறை, கோக்கர்ஸ் வாக், வெள்ளி அருவி என்று மளமளவென்று ஒப்பித்து விடுவார்கள். "என்ன கேட்டீர்கள்?" என்று யாரும் கேட்பதில்லை. நேயர்களே, இந்தத் தடவை கண்களுக்குக் கொஞ்சம் ஓய்வு கொடுத்து, காதுகளையும் மலைக்கு அழைத்துப் போங்கள்!

கொடை ரோடில் ரயிலை விட்டு இறங்கி, வத்தலக்குண்டைத் தாண்டியதும் மலைப் பாதை தொடங்குகிறது. வளைவுக்கு வளைவு குழந்தைகளுக்கு வயிற்றைப் புரட்டும். எலுமிச்சம்பழம் கையில் இருக்கட்டும். சுமார் 7,000 அடி உயரத்துக்கு வந்து சேர்ந்ததும் உங்களுக்கே தெரியும், பட்டணத்து இரைச்சல் காதிலிருந்து கழன்று விழுந்து விடுகிறது. ஞாயிற்றுக்கிழமை காலையானால் மாதா கோயில்களிலிருந்து கூட்டுப் பாட்டு மிதந்து வரும். 1845-இல் அமெரிக்கப் பாதிரிமார் இங்கே முதல் பங்களாக்களைக் கட்டிய நாளிலிருந்தே மேல்நாட்டு சங்கீதம் இந்த மலையில் குடியேறிவிட்டது. 1901-இல் அவர்கள் தொடங்கிய பள்ளிக்கூடத்தில் இன்றும் குழந்தைகள் பியானோவும் பிடிலும் கற்கிறார்கள்.

அங்கிருந்து குறிஞ்சி ஆண்டவர் கோயிலுக்கு வாருங்கள். வானம் வெளுத்திருந்தால் வடக்கே பழனி தெரியும். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு ஒரு முறை பூக்கும் குறிஞ்சி 2018-இல் பூத்தது. அடுத்த பூவுக்கு 2030 வரை காத்திருக்க வேண்டியதுதான். இந்தக் கோயில் 1936-இல் எழுந்தது. கட்டியவர் யார் தெரியுமா? இலங்கைத் தலைவர் பொன்னம்பலம் இராமநாதனை மணந்து, லீலாவதி என்று பெயர் சூடிக்கொண்ட வெள்ளைக்காரப் பெண்மணி!

குறிஞ்சி என்றதும் ராகமும் நினைவுக்கு வர வேண்டும் அல்லவா? நம் வீட்டுக் கல்யாணங்களில் 'சீதா கல்யாண வைபோகமே' ஒலிக்காமல் இருக்குமா? அது குறிஞ்சிதான். தாலாட்டுக்கும் ஊஞ்சலுக்கும் ஏற்ற சாதுவான ராகம். மேல் ஸ்தாயிக்கு ஏறிப் பயமுறுத்தாமல், தைவதத்தோடு நின்று திரும்பி விடும். தேவாரத்தில் வரும் குறிஞ்சிப் பண் வேறு. ஓதுவார்கள் அதை அரிகாம்போதியில் பாடுகிறார்கள்.

கல்யாணக் குறிஞ்சிக்குத் தாய் சங்கராபரணம். ஒரு கட்டையில் ஆரம்பித்து, பியானோவின் வெள்ளைக் கட்டைகளை மட்டும் வரிசையாகத் தட்டிக்கொண்டு போனால் வருவதும் சங்கராபரணத்தின் ஸ்வரங்களே! மாதா கோயில் பாட்டும் மணவறைப் பாட்டும் ஒரே ஏணியில் ஏறி இறங்குகின்றன. பின் ஏன் ஒன்றைப் போல் மற்றொன்று இல்லை? இந்தக் கேள்விக்காகவே வாழ்நாளைச் செலவிட்ட ஓர் ஆங்கிலேயர் இருந்தார். அவர் கோடைக்கானலில் வாழ்ந்தவர் அல்ல. ஆனால் இந்த மலையில் நின்று யோசிக்கும்போது அவரை நினைக்காமல் இருக்க முடியவில்லை.

ஜான் ஃபோல்ட்ஸ் என்பது அவர் பெயர். 1880-இல் மான்செஸ்டரில் பிறந்து, அந்நகரின் புகழ் பெற்ற ஹாலே வாத்திய கோஷ்டியில் செல்லோ வாசித்தவர். அவரை நம் பக்கம் திருப்பியது அவருடைய மனைவி. லீலாவதியைப் போலவே இந்தியாவிடம் மனத்தைப் பறிகொடுத்த இன்னொரு பெண்மணி என்று சொல்லலாம். அயர்லாந்தில் பிறந்த மாட் மக்கார்த்தி, சிறு வயதிலேயே பிடிலில் பெயர் வாங்கியவர். நரம்பு வலியால் வில்லைக் கீழே வைக்க நேர்ந்தது. பிறகு அன்னி பெசன்ட் அம்மையாருடன் இந்தியாவுக்கு வந்து, நம் சங்கீதத்தைக் கற்றார். இருபத்திரண்டு சுருதிகளையும் பாடிக் காட்டக்கூடியவர் என்று சீமையில் பெயரெடுத்தார். 1915-இல் இருவரும் சந்தித்தார்கள்.

அப்புறம் என்ன! நமது 72 மேளகர்த்தாக்கள் ஃபோல்ட்ஸைப் பிடித்துக்கொண்டன. 1929-இல் முடித்த பியானோ கச்சேரி ஒன்றின் முதல் பகுதியில், ஏழே ஸ்வரங்களை எடுத்துக்கொண்டு, அவற்றுக்கு வெளியே கால் வைக்காமலே நடத்திக்கொண்டு போகிறார். சமஸ்கிருதத்தில் 'அவதாரா' என்று ஓர் இசை நாடகமே எழுதினார். திருப்தி இல்லாமல் அழித்து விட்டார். மிஞ்சியவை 'மூன்று மந்திரங்கள்' மட்டும்.

லண்டனிலும் அவருக்கு ஒரு காலம் இருந்தது. முதல் உலக யுத்தத்தில் மாண்டவர்களுக்காக அவர் இயற்றிய 'உலக ரெக்வியம்' 1923 நவம்பர் 11 அன்று ஆல்பர்ட் மண்டபத்தில் ஆயிரத்துக்கு மேற்பட்ட கலைஞர்களால் பாடப்பட்டது. அதில் கபீர்தாஸின் வாக்கும் உண்டு. 1926-க்குப் பிறகு அதைக் கேட்பார் இல்லை.

1935-இல் குடும்பத்தோடு இந்தியாவுக்கு வந்தார். பின்பு டில்லி ரேடியோவில் மேல்நாட்டு சங்கீதப் பகுதிக்கு டைரக்டர் ஆனார். நம் வாத்தியக்காரர்களைச் சேர்த்து, மேல்நாட்டு முறையில் எழுதிய ஸ்வரத்தைப் பார்த்து வாசிக்கப் பழக்கி, ஒரு வாத்திய கோஷ்டி அமைத்தார்.

இனி வருவது ஹார்மோனியச் சண்டை. அந்தப் பெட்டியை ஃபோல்ட்ஸுக்குக் கட்டோடு பிடிக்காது. காரணம் இல்லாமல் இல்லை. பிடிலும் மேல்நாட்டுச் சரக்குதான். ஆனால் அதன் தந்தியில் விரல் வழுக்கும், அசையும், கமகம் பிறக்கும். சுமார் இருநூறு ஆண்டுகளுக்கு முன் பாலுஸ்வாமி தீட்சிதர் அதை எடுத்த எடுப்பில் நம்முடையதாக்க முடிந்தது அதனால்தான். ஹார்மோனியக் கட்டையோ அழுத்தினால் ஒரே ஒலி. இரண்டு ஸ்வரங்களுக்கு நடுவில் இருக்கும் உயிர் அதற்கு எட்டாது. ஏணி ஒன்றாக இருந்தும் சங்கீதம் இரண்டாக இருக்கும் ரகசியமும் அந்த நடுவில்தான் இருக்கிறது. இதை ஓர் ஆங்கிலேயர் நமக்கு எடுத்துச் சொன்னார் என்பதுதான் வேடிக்கை!

1940 மார்ச்சில் ரேடியோ ஹார்மோனியத்தைத் தடை செய்தது. 1971-இல்தான் ஓரளவு தளர்த்தினார்கள். ஃபோல்ட்ஸ் சொன்ன காரணம் சரி. தண்டனை அதிகம் என்றே எனக்குத் தோன்றுகிறது. கே. பி. சுந்தராம்பாள் பாடிய நாடக மேடைகளில் அந்தப் பெட்டிதானே ராஜா! வீட்டோடு பாட்டுக் கற்ற நம் பாட்டிமார் எத்தனை பேருக்கு அதுவே சுருதியாகவும் வாத்தியாராகவும் இருந்திருக்கிறது!

தடையைப் பார்க்க ஃபோல்ட்ஸ் இருக்கவில்லை. 1939-இல் கல்கத்தா ரேடியோவுக்கு மாற்றலாகிப் போனார். போன சில நாட்களுக்குள், அந்த ஏப்ரல் மாதத்தில், காலரா கண்டு காலமானார். வயது 58. மாட் அம்மையார் பிற்காலத்தில் சந்நியாசம் வாங்கிக்கொண்டு சுவாமி ஓமானந்த பூரி ஆனார், 1967-இல் மறைந்தார்.

2007 நவம்பர் 11 அன்று அதே ஆல்பர்ட் மண்டபத்தில் 'உலக ரெக்வியம்' மறுபடி ஒலித்தது. 'மூன்று மந்திரங்க'ளும் அந்தப் பியானோ கச்சேரியும் இப்போது இசைத்தட்டில் கிடைக்கின்றன. மலையிலிருந்து திரும்பியதும் ஒரு மாலை கேட்டுப் பாருங்கள். நம் வாத்தியங்களையும் அவர்கள் வாத்தியங்களையும் ஒரே மேடையில் உட்கார வைத்து அவர் எழுதிய 'கிழக்கும் மேற்கும்' சிம்பொனியைத்தான் கேட்க முடியாது. அதன் சுவடி தொலைந்து போயிற்று.