நீர்மட்டம்

நுரையீரலையும் நெஞ்சுச் சுவரையும் போர்த்தியிருக்கும் இரு சவ்வுகளுக்கிடையே காற்று கிடையாது. சிறிதளவு திரவமும், வெளிக்காற்றைவிடக் குறைந்த அழுத்தமும் மட்டுமே உண்டு. அந்த இழுவிசைதான் நுரையீரலை விரித்து வைத்திருக்கிறது. அங்கே காற்று புகுந்தால் நுரையீரல் சுருங்கிப்போகும். எங்கள் பெரியப்பாவுக்கு நேர்ந்தது அதுதான். விலாவெலும்புகளுக்கிடையே குழாயைச் செருகி, மறுமுனையைக் கட்டிலுக்கடியில் ஒரு பாட்டிலில் விட்டிருந்தார்கள். ஐ.சி.டி. என்ற பெயரைத் தவிர வேறொன்றும் எங்களுக்குச் சொல்லப்படவில்லை. முறை வைத்துக்கொண்டு அந்தப் பாட்டிலைக் காவல் காத்தோம்.

ஏற்பாடு மிக எளியது. குழாயின் நுனி நீருக்குள் ஏறத்தாழ 2 செ.மீ. மூழ்கியிருக்கும். உள்ளிருக்கும் காற்று நீரைத் தாண்டி வெளியேறலாம். வெளிக்காற்று உள்ளே நுழைய முடியாது. ஹாம்பர்க் நகர மருத்துவர் கோட்ஹார்ட் பியூலாவ் நெஞ்சில் கட்டிய சீழை வடிக்க 1875இல் கையாண்ட முறை இது. இன்றைய பிளாஸ்டிக் பெட்டிகள் பலவற்றிலும் அதே நீர்தான் காவல் நிற்கிறது.

மூச்சிழுக்கும்போது குழாயினுள் நீர் ஏறும், விடும்போது இறங்கும். இருமினால் குமிழிகள் வரும், கசிவு இன்னும் நிற்கவில்லை என்று பொருள். ஒருவருடைய மூச்சைத் தரையில் குனிந்து பார்ப்பது விசித்திரமான அனுபவம்தான்.

நான்காம் நாள் நள்ளிரவில் நீர் அசையாமல் நின்றது. இதற்கு இரண்டு பொருள்கள் உண்டு. நுரையீரல் முழுதாக விரிந்திருக்கலாம்; குழாய் அடைபட்டிருக்கலாம். நலத்துக்கும் ஆபத்துக்கும் ஒரே அடையாளம்! ஓடிவந்த சிஸ்டர் பாட்டிலைப் பார்க்கவில்லை. "ஐயா, மூச்சு முட்டுதா?" என்று கேட்டபடியே போர்வையை விலக்கினார். இடுப்புக்கடியில் குழாய் மடங்கிக் கிடந்தது. நேராக்கியதும் குமிழிகள் பொங்கின. கசிவு இருக்கையில் வழி அடைபட்டால், தேங்கும் காற்று இதயத்தையே ஒருபுறம் தள்ளிவிடும் என்று அப்போதுதான் சொன்னார். அதனாலேயே கிளிப் போட்டு அடைக்கக் கூடாது. பாட்டிலை நெஞ்சுக்கு மேலே தூக்கினாலோ, நீர் உள்ளே திரும்பும்.

நம் மருத்துவமனைகளில் எக்ஸ்ரே அறைவரை அந்தப் பாட்டிலை ஏந்தி நடப்பவர் பெரும்பாலும் உறவினர்தான். அவரிடம் இதையெல்லாம் முதல் நாளே சொல்ல இரண்டு நிமிடம் போதாதா?

ஒன்பதாம் நாள் நீர் மறுபடி நின்றது. பெரியப்பா அயர்ந்து தூங்கிக்கொண்டிருந்தார். குழாய் நேராகவே இருந்தது. இருந்தும் சிஸ்டரை அழைத்தோம். காலையில் எடுத்த எக்ஸ்ரேயில் நுரையீரல் முழுதாக விரிந்திருந்தது.