இரண்டு பக்கமும் தெரியாதது

மலருக்கு ஏதாவது எழுதிக் கொடு என்று சங்கச் செயலாளர் கேட்டார். காதல் கவிதைகள் ஏற்கெனவே தேவைக்கு மேல் வந்துவிட்டதாகவும் சொன்னார். ஆகவே நண்பர்களே, நான் கணக்கைப் பற்றி எழுதுகிறேன். தயவுசெய்து பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள்.

"அந்தப் பக்கம் போனா குறி மாறும்." பள்ளிக்கூடத்திலிருந்தே நாமெல்லாம் ஜெபிக்கிற மந்திரம் இது. பிளஸ் போனால் மைனஸ், மைனஸ் போனால் பிளஸ். ஏன் மாறுகிறது என்று கேட்டால், "ரூல் அப்படித்தான், எழுதுடா" என்பார்கள். 5எக்ஸ் + 4 = 19 என்றால் மந்திரமே வேண்டாம், 3 என்று வாயாலேயே சொல்லிவிடலாம். இரண்டு பக்கமும் எக்ஸ் வந்து உட்காரும்போதுதான் பாதி வகுப்புக்கு வியர்க்கிறது. எதை எங்கே தள்ளுவது?

எனக்கு இது விளங்கியது தக்காளிப் பெட்டியால்தான். அம்மா காய்கறி வியாபாரம். பள்ளிக்கூடம் போனதில்லை. எங்கள் வீட்டில் கல்லூரி வாசல் மிதித்த முதல் ஆள் நான். அம்மாவுக்குச் சரக்கு எடுக்க இரண்டு வழி உண்டு. கோயம்பேட்டில் தக்காளி பெட்டி 200 ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஆனால் நாலு பேர் சேர்ந்து பிடிக்கிற லோடு வண்டியில் அம்மா பங்கு 240. எங்கள் ஊர் மண்டியில் பெட்டி 260, தள்ளுவண்டிக் கூலி வெறும் 60. எத்தனை பெட்டி எடுத்தால் இரண்டு செலவும் ஒன்றாகும்? விடுமுறையில் வீட்டுக்குப் போனபோது, பெட்டிக்கு 'ப' போட்டு எழுதினேன்.

200ப + 240 = 260ப + 60

வியாபாரத்துக்கு இப்போது எலெக்ட்ரானிக் தராசுதான். பழைய கைத்தராசு ஆணியில் தொங்குகிறது. அதை நினைத்துக்கொண்டு பாருங்கள். இரண்டு தட்டும் சமமாக நிற்கிறது. இரண்டு தட்டிலிருந்தும் 200ப எடுத்துவிடுவோம், முள் அசையாது. மிச்சம் 240 = 60ப + 60. மறுபடி இரண்டிலிருந்தும் 60 எடுத்தால் 180 = 60ப. ஆக, ப = 3. எதுவுமே 'அந்தப் பக்கம்' போகவில்லை. இரண்டு பக்கமும் ஒரே அளவு குறைந்தது, அவ்வளவுதான். சின்ன 'ப'-வை எடுப்பது நல்லது, மைனஸ் தொல்லை கிடையாது. 3 போட்டுச் சரி பார்த்தால் இடமும் 840, வலமும் 840.

பெருமையாக அம்மாவிடம் காட்டினேன்.

"இதுக்கா இவ்ளோ நேரம்? வண்டிக்கு 180 ஜாஸ்தி. பெட்டிக்கு 60 கம்மி. மூணு பெட்டில கழிஞ்சு போச்சு. அதுக்கு மேல எடுத்தாத்தான் கோயம்பேடு."

நான் நாலு வரியில் போட்டதை அம்மா ஒரு மூச்சில் சொல்லிவிட்டார். பிறகு படித்துத் தெரிந்துகொண்டேன்: பிரம்மகுப்தர் 628-ல் வடமொழியில் எழுதிய பிராம்மஸ்புட சித்தாந்தத்தில் இதே வழிதான் இருக்கிறது. தனி எண்களின் வித்தியாசத்தை, தெரியாததின் கெழுக்களின் வித்தியாசத்தால் வகு. 180-ஐ 60-ஆல் வகு. நாம் போடும் சமக்குறியே 1557-ல்தான் ராபர்ட் ரெக்கார்டு என்ற வேல்ஸ்காரர் புத்தகத்தில் வந்தது. அது இல்லாமலே பிரம்மகுப்தருக்கும் கணக்கு வந்தது, எங்கள் அம்மாவுக்கும் வருகிறது.

சில நாள் இரண்டு இடத்திலும் பெட்டி ஒரே விலை. அப்போது 'ப' இரண்டு பக்கமும் அடிபட்டு 240 = 60 என்று நிற்கும். விடை கிடையாது, எத்தனை பெட்டி எடுத்தாலும் சமமாகாது. அம்மா பாஷையில், "இன்னிக்குத் தூங்கலாம்."

மற்ற நாளெல்லாம் அம்மா ராத்திரி ஒன்றரை மணிக்கு எழுந்துவிடுவார். எடுப்பது ஐந்து பெட்டி. கோயம்பேடு என்றால் 1240, மண்டி என்றால் 1360. மிச்சம் 120 ரூபாய்.

"120 ரூபாய்க்கா இந்தப் பாடு? மண்டியிலேயே எடும்மா" என்றேன்.

"மாசத்துக்கு எவ்ளோன்னு போட்டுப் பாரு. படிச்ச புள்ளதானே நீ."

25 நாளைக்கு 3000. என் ஹாஸ்டல் மெஸ் பில் ஏறக்குறைய அதுதான். எனக்குப் பேச்சு வரவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, "உன் தூக்கத்தையும் கணக்குல சேர்க்கணும்மா" என்றேன்.

"அதுக்கு என்னா ரேட்டு போடுவ?" என்று கேட்டுவிட்டுப் படுக்கப் போய்விட்டார்.

விடுமுறை நாட்களில் கோயம்பேட்டுக்கு இப்போது நான்தான் போகிறேன். நல்ல பெட்டி பார்த்துப் பொறுக்குவதில் இன்னும் அம்மாவிடம் திட்டு வாங்குகிறேன், அது வேறு விஷயம். முதல் வருடக் கணக்கில் அரியர் வைத்திருப்பவர்கள் சனிக்கிழமை சாயங்காலம் ஹாஸ்டலில் என் அறைக்கு வரலாம். நோட்டு கொண்டு வரவும். டீ உங்கள் செலவு.